நண்டுச்சுழிக்கு ஏழு கால்

மரக்காணத்தில் கலியபெருமாள் முதலாளியின் உப்பளத்துக்கு மேஸ்திரியாக இருந்த காசிலிங்கத்துக்கு ஒரு ரகசியம் இருந்தது. குடி, சீட்டாட்டம், சின்னவீடு என்று ஊருக்கே தெரிந்த ரகசியமாக இருந்தால் பரவாயில்லை. இது நிஜமாகவே ஒருத்தருக்கும் தெரியாத ரகசியம். அவர் கதை எழுதிக்கொண்டிருந்தார்.

அதுவும் சாதாரணக் கதை இல்லை. ‘கோலாட்டம்’ வாரப் பத்திரிகையில் பதினாலு வாரமாகச் சக்கைப்போடு போட்டுக்கொண்டிருந்த ‘உப்பறியா நாடு’ என்ற மாயாஜாலத் தொடர். எழுதுபவர் பெயர் விந்தைமதி. அந்த விந்தைமதி சாட்சாத் நம் காசிலிங்கம்தான். பாத்தி ஓரத்துக் கொட்டகையில் உட்கார்ந்து, முதலாளியின் பேப்பரில், முதலாளியின் பேனாவால், முதலாளியின் நேரத்தில் எழுதினால் புனைபெயர் இல்லாமல் முடியுமா? கலியபெருமாளுக்குத் தெரிந்தால் அன்றைக்கே ஆளை பிரம்மதேசத்துக்கு பஸ் ஏற்றிவிடுவார். பிரம்மதேசம்தான் காசிலிங்கத்தின் ஊர். அங்கே பெண்டாட்டி பிள்ளைகள் மாசாமாசம் இந்தச் சம்பளத்தைத்தான் எதிர்பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

கதையைச் சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் பின்னால் நடந்தது புரியாது. உப்பறியா நாட்டில் உப்பு என்ற ஒன்றையே யாரும் கண்ணால் பார்த்ததில்லை. கண்ணீரைத்தான் உழக்கில் பிடித்துக் குழம்பில் ஊற்றுவார்கள். நன்றாக அழத் தெரிந்த மருமகளுக்கு அங்கே ஏக கிராக்கி. நாட்டிலேயே ஒரே ஒரு உப்புப் பெட்டி. அதைக் கற்கடகன் என்ற மந்திரவாதி மலைக்குகையில் வைத்திருக்கிறான், அதை மீட்க நாட்டு இளவரசி கிளம்பியிருக்கிறாள். பெட்டிக்குப் பூட்டும் இல்லை, சாவியும் இல்லை. மூடி மேல் ஒரு சின்னம் வரைந்திருக்கிறான், அவ்வளவுதான். அதுதான் நண்டுச்சுழி. ஒரு வட்டம், நடுவே ஒற்றைக் கண், சுற்றிலும் கால்கள், கீழே சுழித்த ஒரு வால். உள்ளங்காலில் போட்டால் எத்தனை காதம் நடந்தாலும் களைப்பு தெரியாது. நாக்கில் போட்டால் பொய் வராது. ஒரு பொருள் மேல் போட்டால், அதைத் திருட வந்தவன் கை நண்டுக் கொடுக்கு மாதிரி மடங்கிக்கொள்ளும். அப்புறம் எந்தக் கொம்பன் வந்தாலும் அதை நிமிர்த்த முடியாது.

இதையெல்லாம் சென்னைப் பட்டணத்தில் எத்தனை பேர் படித்தார்களோ தெரியாது. மரக்காணம் உப்பளத்தில் ஒரு வரி விடாமல் படித்தார்கள். எட்டாங்கிளாஸ் வரை போன சின்னப்பாப்பா, மத்தியானம் கஞ்சி குடித்த கையோடு பத்திரிகையை விரிப்பாள். இருபது பெண்டுகள் சுற்றி உட்காருவார்கள். கூட வேலை செய்யும் கலியன் மாதிரி ஆம்பிளைகள் தள்ளி உட்கார்ந்து, கேட்காத மாதிரி கேட்பார்கள். காசிலிங்கம் கொட்டகைத் தட்டிக்குப் பின்னால் காதை நீட்டிக்கொண்டு நிற்பார்.

“மெட்ராஸ்ல பெரிய பங்களால இருக்கிற அம்மாவா இருக்கும். படிச்ச மவராசி. இல்லாட்டி இப்பிடி எழுத வருமா?” என்பாள் சின்னப்பாப்பா.

தட்டிக்குப் பின்னால் மவராசி வெறும் வாயை மென்றுகொண்டு நிற்கும். நான்தான்டி அது என்று சொல்ல நாக்கு துடிக்கும். என்றைக்காவது ஒருநாள், ஒரே ஒரு ஆள் பத்திரிகையை நீட்டி, கையெழுத்துப் போடுங்க சார் என்று கேட்கவேண்டும். அது போதும் அவருக்கு. அதுவரை, “மணி ரெண்டாச்சு, எழுந்திரிங்க” என்று கத்துவதுதான் விந்தைமதி தன் வாசகர்களோடு நடத்திய ஒரே பேச்சுவார்த்தை.

சுழி மெல்ல மெல்லப் பத்திரிகையை விட்டு இறங்கியது. உப்புத் தண்ணீரில் வெடித்த உள்ளங்கால்களில் பெண்டுகள் கரிக்கட்டையால் அதை வரைந்துகொண்டார்கள். அவர்களில் தையல்நாயகி, தூங்குகிற புருஷன் நாக்கில் வரையப் போய் விரலில் கடி வாங்கிக்கொண்டு வந்தாள். ஆனாலும் மறுநாள் அவன் உண்மை பேசினான் என்று சத்தியம் பண்ணினாள். என்ன உண்மை என்று கேட்டதற்கு மட்டும் பதில் சொல்லவில்லை.

உப்பளத்தில் ஒரு வழக்கம் உண்டு. வாரிய உப்பைக் குவித்து, பலகையால் தட்டிச் சமன் செய்து, மேலே சுற்றிலும் மரக்கட்டையால் அச்சுக் குத்தி வைப்பார்கள். யாராவது ஒரு கூடை திருடினாலும் அச்சு கலைந்து காட்டிக்கொடுத்துவிடும். முதலாளி பேர் செதுக்கிய பழைய கட்டை வெயிலில் பிளந்துபோனதால், கலியன் பூவரசங்கட்டையில் புதுசு செய்ய உட்கார்ந்தான். என்ன செதுக்கலாம் என்று கேட்டான். இருபது பெண்டுகளும் ஒரே குரலில் சொன்னார்கள். அன்று முதல் கலியபெருமாள் குவியலைச் சுற்றி வரிசையாக நண்டுச்சுழி. அன்று முதல் ஒரு கைப்பிடி உப்புகூடத் திருட்டுப் போகவில்லை. முதலாளிக்கு ஏக சந்தோஷம். காசிலிங்கத்துக்குத் தலைகால் புரியவில்லை.

தலைகால் புரியாத மனுஷன் சும்மா இருந்திருக்கலாம். பதினாலாவது வாரம் கதையில் விறுவிறுப்புக் கூட்டுகிறேன் பேர்வழி என்று ஒரு வரி எழுதித் தொலைத்தார். ‘இனி இச்சுழியைக் கலைக்க, இதைப் படைத்தவன் ஒருவனால் மட்டுமே முடியும். வேறு யார் தொட்டாலும், நல்லவனே ஆனாலும், அவன் கை மடங்கும்.’ எழுதும்போது அந்தக் குவியலுக்கு முதுகைக் காட்டிக்கொண்டுதான் உட்கார்ந்திருந்தார்.

அந்த வரி அச்சில் வந்ததற்கு அடுத்த புதன்கிழமை. எண்பத்தெட்டாம் வருஷத்து அக்னி நட்சத்திரம் முடிகிற சமயம். முதலாளி பெரிய முதலியார்சாவடியில் ஒரு கல்யாணத்துக்குப் போயிருந்தார். போகும்போது ஒரே ஒரு வார்த்தைதான் சொன்னார்.

“நான் வர்றதுக்குள்ள குவியல் லாரி ஏறியிருக்கணும் காசிலிங்கம். கோடை மழையில ஒரு மூட்டை கரைஞ்சாலும் நீ வேற எடம் பாத்துக்க.”

மத்தியானம் ஒரு மணிக்கு உப்பு வியாபாரி அப்துல் சுக்கூர் பாய் இரண்டு லாரியோடு வந்து நின்றார். சாக்குகள் இறங்கின. மேற்கே பெருமுக்கல் மலைப் பக்கம் வானம் கறுத்துக்கொண்டு வந்தது. ஒருத்தரும் குவியல் கிட்டே போகவில்லை.

“இன்னா வேடிக்கை பாக்குறீங்க? அள்ளுங்க,” என்றார் காசிலிங்கம்.

“சுழி இருக்குதுங்க மேஸ்திரி,” என்றாள் சின்னப்பாப்பா.

“அதுக்கென்ன?”

“நீங்க படிக்கிறதில்ல, உங்களுக்குத் தெரியாது. இப்ப அதை உண்டாக்கினவங்கதான் கலைக்கணும். நம்ம கை வச்சா மடங்கிப்பூடும்.”

இப்படி ஒரு வாசகர் கூட்டம் எந்த எழுத்தாளனுக்கும் வாய்க்கக்கூடாது.

“கலியா, கட்டையைச் செதுக்கினது நீதானே? வந்து கலை,” என்றார்.

கலியன் இரண்டு கையையும் கக்கத்தில் ஒளித்துக்கொண்டான். “நான் கட்டையத்தான் மேஸ்திரி செதுக்கினேன். சுழிய உண்டாக்கினது மெட்ராஸ் அம்மா. கை மடங்கிட்டா எம்புள்ளைங்களுக்கு நீங்களா கஞ்சி ஊத்துவீங்க?”

“சரி, மேல கீத்தாவது போட்டு மூடுங்கப்பா.”

“கீத்து போட்டாலும் சுழி மேல பட்டதுதானுங்களே,” என்றாள் தையல்நாயகி.

காசிலிங்கம் சுக்கூர் பாயிடம் ஓடினார். “பாய், உங்களுக்குத்தான் இதுலல்லாம் நம்பிக்கை கெடையாதே. நீங்க ஒரு கூடை அள்ளிக் காட்டுங்க.”

“அஸ்தஃபிருல்லா. எனக்கு எள்ளளவும் நம்பிக்கை இல்ல மேஸ்திரி,” என்றார் பாய். அப்புறம் தன் வலது கையை ஒருமுறை திருப்பிப் பார்த்துக்கொண்டார். “ஆனா லோடுமேன் வேலை லோடுமேன்தான் பாக்கணும். நாம அதுல தலையிடக்கூடாது.” லோடுமேன்களும் இருபது பெண்டுகளுக்குப் பின்னால்தான் நின்றார்கள்.

மலைப் பக்கம் இடி உறுமியது. ஒன்பது வருஷ வேலை கண் முன்னாலேயே கரையப் பார்த்தது. வேறு வழியில்லை என்று ஆனபிறகு காசிலிங்கம் தொண்டையைக் கனைத்தார். பதினாலு வாரமாக உள்ளே கிடந்து புழுங்கியது வெளியே வந்தது.

“அந்தக் கதைய எழுதுறது நான்தான். விந்தைமதி நான்தான்.”

தையல்நாயகி முந்தானையால் வாயைப் பொத்தினாள். அவ்வளவுதான், மொத்த உப்பளமும் சிரித்தது. கலியன் சிரிப்பு தாங்காமல் வரப்பில் உட்கார்ந்துவிட்டான். சுக்கூர் பாய் நாகரிகமான மனுஷன், லாரி டயரைப் பார்த்துக்கொண்டு சிரித்தார். காசிலிங்கத்துக்கு மானமே போயிற்று. பொய் சொல்லி மாட்டிக்கொண்டவனைப் பார்த்துக்கூட யாரும் இப்படிச் சிரித்திருக்க மாட்டார்கள்.

சின்னப்பாப்பா மட்டும் சிரிக்கவில்லை. இடுப்பில் கையை ஊன்றிக்கொண்டு, “சரி மேஸ்திரி. சுழிக்கு எத்தினி காலு?” என்று கேட்டாள்.

“எட்டு.”

“ஏழு. அஞ்சாவது வாரம் இளவரசி வாளால ஒண்ண வெட்டிட்டா. அந்தக் குவியலப் பாருங்க, கலியன்கூட ஏழுதான் செதுக்கியிருக்கான்.”

காசிலிங்கம் திரும்பிப் பார்த்தார். ஏழுதான்.

“இளவரசியோட கிளி இப்ப எங்க இருக்குது?”

“எந்தக் கிளி?”

கூட்டத்தில் ஒரு பெருமூச்சு எழுந்தது. “மூணாவது வாரம் கிணத்துக்குள்ள போன கிளி. இன்னும் வெளிய வரல,” என்றாள் சின்னப்பாப்பா. “பதினோரு வாரமா நாங்க அதை நெனச்சி வெசனப்பட்டுக்கினு கெடக்கிறோம். எந்தக் கிளின்னு கேக்கிறீங்க.”

“மறந்துட்டேன்மா. எழுதறவனுக்கு ஆயிரம் ஞாபகம்.”

“படிக்கிற நாங்களே மறக்கல. எழுதினவங்க மறப்பாங்களா?”

சாட்சிக்கு, பத்திரிகை ஆசிரியர் போட்ட கடிதத்தைக் காட்டலாமென்றால் அது பிரம்மதேசத்தில் டிரங்குப்பெட்டிக்கு அடியில் இருக்கிறது. போய் எடுத்து வருவதற்குள் குவியல் கடலோடு போய்ச் சேர்ந்துவிடும். அப்போதுதான் அவருக்குப் பொறி தட்டியது. இன்றைக்குப் புதன்கிழமை. இரண்டரை மணி பஸ்ஸில் டீக்கடைக்குப் புது இதழ் வரும்.

“கேட்டுக்குங்க. இந்த வாரம் என்ன வரும்னு நான் இப்பவே சொல்றேன். இளவரசி தந்திரம் பண்ணி, கற்கடகன் கையாலயே ஈரத்துணியால சுழியத் தொடைக்க வச்சிடுவா. அதோட சக்தி மொத்தமும் போயிடும். அப்பிடி வந்திருந்தா அள்ளுவீங்கல்ல?”

“வந்திருந்தா ஏன் அள்ளப்போறதில்ல?” என்றாள் சின்னப்பாப்பா.

கலியன் சைக்கிளை எடுத்துக்கொண்டு டீக்கடைக்குப் பறந்தான். எல்லாரும் வானத்தையும் ரோட்டையும் மாறி மாறிப் பார்த்தார்கள். காற்று திசை மாறி, ஈர மண் வாசனை வந்தது. காசிலிங்கம் வாழ்க்கையில் எந்த பஸ்ஸுக்காகவும் அப்படிக் காத்திருந்ததில்லை. கலியன் திரும்பி வந்து பத்திரிகையைச் சின்னப்பாப்பா கையில் கொடுத்தான். அவள் பக்கத்தைப் புரட்டினாள், நிறுத்தினாள், சத்தமாகப் படித்தாள்.

“‘எழுத்தாளர் விந்தைமதிக்கு உடல்நலம் சரியில்லாத காரணத்தால் இந்த வாரம் உப்பறியா நாடு வெளிவரவில்லை. வாசகர்கள் பொறுத்தருள வேண்டுகிறோம்.’”

உடம்புக்கு ஒரு கேடும் இல்லை. உப்பு வாருகிற மும்முரத்தில் இரண்டு நாள் தாமதமாகத் தபாலில் போட்டார், அவ்வளவுதான். பத்திரிகைக்காரர்கள் கூசாமல் அவரைப் படுக்கையில் போட்டுவிட்டார்கள்.

“ஐயோ, அம்மாவுக்கு உடம்புக்கு முடியலியா?” என்றாள் தையல்நாயகி. நிஜமாகவே அவள் கண் கலங்கிவிட்டது. அம்மன் கோயிலில் விளக்குப் போடுவதாக ஒருத்தி அங்கேயே வேண்டிக்கொண்டாள். அப்புறம் இருபது ஜோடிக் கண்ணும் காசிலிங்கம் பக்கம் திரும்பின.

“அந்தம்மா அங்க படுத்துக் கெடக்குது. இந்த மனுசன் கல்லு மாதிரி நின்னுக்கினு அவங்க பேரைச் சொல்லிக்கிறாரு,” என்றாள் தையல்நாயகி.

மூக்கு நுனியில் ஒரு சொட்டு விழுந்தது. அந்த ஒரு சொட்டில் காசிலிங்கத்துக்கு எல்லாம் பற்றிக்கொண்டு வந்தது. கற்கடகன் மேல் கோபம், பத்திரிகை மேல் கோபம், எல்லாவற்றுக்கும் மேலாக அந்த மெட்ராஸ் அம்மா மேல் அப்படி ஒரு பொறாமை. தன் ரத்தத்தைக் குடித்து வளர்ந்தவள் பங்களாவில் படுத்துக்கொண்டு ஊர் அனுதாபத்தை எல்லாம் வாரிக்கொள்கிறாள், தனக்கு வேலை போகப்போகிறது. விறுவிறுவென்று குவியலிடம் போனார். கையை மடக்கி, நட்ட நடுச் சுழியில் ஓங்கி ஒரு குத்து விட்டார்.

மூன்று வாரம் அக்னி வெயிலில் காய்ந்த உப்பு. மேல்தோடு கருங்கல் மாதிரி இறுகிக் கிடந்தது. சுழி நொறுங்கியது. அதோடு சேர்ந்து, சுண்டுவிரல் பக்கம் அவர் கைக்குள்ளும் ஏதோ ஒன்று மளுக்கென்றது.

கண்ணில் பூச்சி பறந்தது. கத்தலாம் என்று வாயைத் திறந்தவர், இருபது பேரும் தன் கையையே பார்ப்பதைப் பார்த்து வாயை மூடிக்கொண்டார். இப்போது இந்தக் கை மடங்கினால் தீர்ந்தது கதை. பல்லைக் கடித்துக்கொண்டு கையை உயர்த்தினார். ஒவ்வொரு விரலாக விரித்தார். சுண்டுவிரல் முரண்டு பிடித்தது, அதையும் விடவில்லை. ஐந்தும் விறைப்பாக நின்றன.

“பாத்துக்குங்க,” என்றார். சிரிக்கவும் செய்தார்.

சின்னப்பாப்பா கிட்டே வந்தாள். விரல்களை ஒவ்வொன்றாகப் பார்த்தாள். அப்புறம் அவர் முகத்தைப் பார்த்தாள், அதைக் கொஞ்சம் கூடுதல் நேரம் பார்த்தாள். பிறகு திரும்பி, “மடங்கல,” என்றாள்.

“அப்பிடின்னா இவருதான் உண்டாக்கினவரு,” என்றான் கலியன், வாயைப் பிளந்துகொண்டு.

அதற்குமேல் ஒருத்தரும் நிற்கவில்லை. மண்வெட்டிகளும் கூடைகளும் பறந்தன. விழுந்த நாலு சொட்டு நின்றுவிட்டது. காற்று மேகத்தைக் கொஞ்ச நேரம் இழுத்துப் பிடித்தது. சுக்கூர் பாய், இப்போது தலையிடலாம் என்று முடிவு செய்து, தானே சாக்கு வாயைப் பிடித்தார். காசிலிங்கம் வலது கையை முதுகுக்குப் பின்னால் வைத்துக்கொண்டு, இடது கையால் ஏவிக்கொண்டு நின்றார். பெரிய எழுத்தாளர் நிற்கிற தோரணையே தனி என்று தையல்நாயகி கலியனிடம் சொன்னாள். முதுகுக்குப் பின்னால் அந்தக் கை இட்லிப் பானை மாதிரி உப்பிக்கொண்டிருந்தது. விரல்கள் மெல்ல உள்பக்கமாகச் சுருண்டுகொண்டே போயின. நேராக்கப் பார்த்தார், முடியவில்லை. ஒருவேளை நிஜமாகவே நான் எழுதவில்லையோ என்று அவருக்கே ஒரு கணம் சந்தேகம் வந்தது.

ஐந்து மணிக்குக் கடைசி மூட்டை ஏறியது. தார்ப்பாயை இழுத்துக் கட்டி முடிக்கவும் மழை கொட்டவும் சரியாக இருந்தது. லாரிகள் போய்விட்டன. எல்லாரும் கொட்டகைக்குள் நெருக்கியடித்து நின்றார்கள். அப்போதுதான் அது நடந்தது. தையல்நாயகி பழைய ‘கோலாட்டம்’ ஒன்றை அவர் முன்னால் நீட்டினாள். மரியாதையாக, இரண்டு கையாலும்.

“கையெழுத்துப் போட்டுக் குடுங்க சார்.”

பின்னால் பத்திரிகையும் கையுமாக இன்னும் ஐந்தாறு பேர். ஒன்பது வருஷத்தில் முதல் தடவையாக அவரை சார் என்கிறார்கள். காசிலிங்கம் முதுகுக்குப் பின்னால் விரலை அசைத்துப் பார்த்தார். உயிர் போய் வந்தது. இதற்காகத்தான் இத்தனை காலம் ஏங்கினார், இப்போது பேனா பிடிக்கக் கை இல்லை. அழுகையே வந்துவிட்டது அவருக்கு.

“போடுவாரு போடுவாரு. நாளைக்குப் போடுவாரு,” என்று நடுவில் புகுந்தாள் சின்னப்பாப்பா. “கண்டவங்க சொல்லி உடனே போடுறதுக்கு அவரு என்ன கணக்குப்பிள்ளையா? மழை விட்டுடுச்சு, கெளம்புங்க எல்லாரும்.”

மழை விடவில்லை. ஆனாலும் அவள் சொன்னால் சொன்னதுதான். கூடையைத் தலையில் கவிழ்த்துக்கொண்டு ஒவ்வொருத்தராகக் கிளம்பினார்கள். கடைசி ஆள் வரப்பைத் தாண்டும்வரை பார்த்திருந்துவிட்டு அவள் திரும்பினாள்.

“கையக் காட்டுங்க.”

“எந்தக் கை?”

“எந்தக் கிளின்னு கேட்ட மாதிரியே கேக்காதீங்க.”

காட்டினார். அசல் நண்டுக் கொடுக்காக மடங்கியிருந்தது. சின்னப்பாப்பா தலையில் கட்டியிருந்த துண்டை அவிழ்த்து, மழைத் தண்ணீரில் நனைத்துப் பிழிந்து, இறுக்கிச் சுற்ற ஆரம்பித்தாள்.

“உனக்கு எப்பத் தெரியும்?” என்று கேட்டார்.

“குத்தினப்பவே சத்தம் கேட்டுச்சு. வாய் சிரிக்குது, கண்ணுல தண்ணி நிக்குது. அது போதாதா?”

“அப்ப ஏன் மடங்கலன்னு சொன்ன?”

“மழை வந்துக்கினு இருந்துச்சே.” முடிச்சைப் பல்லால் இழுத்துக் கட்டினாள். “உங்களுக்கு மட்டுமா வேலை போவும்? எங்களுக்கு மட்டும் என்ன, பங்களாவா கெடக்குது?”

வெளியே குவியல் இருந்த இடத்தில் மழைத் தண்ணீர் தேங்கிக்கொண்டிருந்தது. வேலை தப்பிவிட்டது. ஆனாலும் காசிலிங்கத்துக்கு உள்ளே ஒன்று குடைந்தது. எல்லாரும் நம்பிவிட்டார்கள், நம்பவேண்டிய இந்த ஒருத்தி நம்பவில்லை.

“சின்னப்பாப்பா, நெசமாவே நான்தான் எழுதினேன்.”

“தெரியும்.”

“எப்பிடி?”

“ஒரு பொய்ய நெசமாக்கறதுக்கோசரம் ஒடிஞ்ச கையை விரிச்சிக் காட்டிக்கினு சிரிக்கிறான்னா, அவன் கதை எழுதறவனாத்தான் இருக்கணும். வேற யாருக்கு அந்தத் தலையெழுத்து?”

காசிலிங்கத்துக்கு இந்தத் தடவை கண்ணில் நின்றது வலியால் இல்லை. அவள் அதைக் கவனிக்காத மாதிரி முதலாளியின் மேசைக்குப் போனாள். முதலாளியின் பேப்பரில் ஒன்றை உருவினாள். முதலாளியின் பேனாவைத் திறந்து, கொட்டகைத் தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்தாள்.

“நாளைக்குத் தபால் போவணுமில்ல? நீங்க சொல்லுங்க, நான் எழுதுறேன்.”

அவர் தொண்டையைக் கனைத்துக்கொண்டு ஆரம்பித்தார். “மலைக்குகையில் கற்கடகன் அழிந்துபோன எட்டுக்கால் சுழியின் முன்னால் நின்று…”

அவள் பேனாவை நிறுத்தினாள்.

“ஏழு,” என்றாள். “அதுக்கு முன்னாடி அந்தக் கிளிய கிணத்துலருந்து வெளிய எடுங்க.”